மஞ்சுஸ்ரீ சாகி சர்க்கார்: ஆட்டமும் ஆய்வும் ஒரே உடலில்

நவீன இந்திய நடனம் என்று பேச்செடுத்தால் உதய் சங்கரில் தொடங்கி, நேராகச் சென்னைக்கு வந்து சந்திரலேகாவிடம் நிற்பதே நம் வழக்கம். சந்திரலேகாவைக் கொண்டாட வேண்டியதுதான். ஆனால் அதே 1980களில் கொல்கத்தாவில் மஞ்சுஸ்ரீ சாகி சர்க்கார் ஆடிக்கொண்டும் எழுதிக்கொண்டும் இருந்தார். நடனம் பார்க்கும், நடனம் பற்றி வாசிக்கும் நம்மிடையே அவர் பெயர் அடிபடாதது எனக்கு ஆற்றாமையாகவே இருக்கிறது.

1934இல் பாப்னாவில் பிறந்தவர். இன்று அது வங்கதேசம். மணிப்பூரின் சாஸ்திரிய நடனமான மணிப்புரியும் பரதநாட்டியமும் கற்றார். திருமணத்துக்குப் பின் நைஜீரியா, அங்கிருந்து அமெரிக்கா. மகள் ரஞ்சாபதி பிறந்தது நைஜீரியாவில். மேடைக்காரர் ஒருவர் மானுடவியலுக்குள் நுழைந்தது அந்த அலைச்சல்களுக்கு நடுவில்தான்.

அவர் ஆய்வுக்கு எடுத்துக்கொண்டது மணிப்பூர் பள்ளத்தாக்கில் பெரும்பான்மையாக வாழும் மெய்தெய் இனப் பெண்களை. 1984இல் அது நூலாக வந்தது. இந்தத் தேர்வை நான் மிக முக்கியமானதாக நினைக்கிறேன். ஏனென்றால் மேடைகளில் நாம் பார்த்துப் பழகிய மணிப்புரி, கண்ணனும் கோபியரும் ஆடும் ராசலீலையின் மணிப்புரி. மெல்லிய முகத்திரை, வட்டப் பாவாடை, தரை அதிராத நடை. தாகூரின் பாடல்களுக்கு ஆடும் ரவீந்திர நிருத்தியம் பெரிதும் எடுத்துக்கொண்டதும் அந்த மென்மையைத்தான். ஆனால் அந்த மண்ணின் பெண்கள் வேறு மாதிரி. இம்பாலின் பெரிய சந்தையான இமா கெய்தெலில் கடை போடுபவர்கள் எல்லோரும் பெண்கள். 1939இல் ஊரில் பஞ்சம் நெருங்க, அரிசியோ வெளியே ஏற்றுமதியாகிக்கொண்டிருந்தது. அதைத் தடுக்கத் தெருவில் இறங்கிய போராட்டம் 'நுபி லான்', அதாவது பெண்களின் போர். மெய்தெய்களின் தெய்வங்களுக்கான லாய் ஹரோபா திருவிழாவை ஆடி நடத்தும் பூசாரிகளான மைபிகளும் பெரும்பாலும் பெண்களே. அவர்கள் ஆட்டத்தில் உடல் உருவாவது வரும், வீடு கட்டுவது வரும், உழவும் நெசவும் வரும். காதலனுக்காகக் காத்திருக்கும் நாயகி அங்கே மையம் அல்ல.

இப்படியொரு சமூகத்தைப் படித்துவிட்டு வந்த ஆட்டக்காரரால் பழைய நளினத்தோடு நிறைவடைந்திருக்க முடியுமா? 1983இல் கொல்கத்தாவில் மகளோடு சேர்ந்து 'டான்சர்ஸ் கில்டு' குழுவைத் தொடங்கினார். தம் பாணிக்கு 'நவநிருத்தியம்' என்று பெயர் வைத்தார். பாட்டின் ஒவ்வொரு சொல்லுக்கும் ஒரு முத்திரை பிடித்துப் பொருள் சொல்லிக்கொண்டே போகும் பழக்கத்தை அவர் ஏற்கவில்லை. பரதத்தின் உறுதி, மணிப்புரியின் வளைவு, ஒடிசாவின் ஆட்டமான மயூர்பஞ்ச் சௌவின் கால்வீச்சு எல்லாம் ஓர் உடலுக்குள் வந்து சேர்ந்தன.

அவருடைய படைப்புகளில் 'தோமாரி மாட்டிர் கன்யா' (உன் மண்ணின் மகள்) என்னை அதிகம் யோசிக்க வைக்கிறது. தாகூரின் நாட்டிய நாடகமான 'சண்டாலிகா'வை அடிப்படையாகக் கொண்டது. தீண்டத்தகாதவள் என்று ஒதுக்கப்பட்ட பிரகிருதியிடம் புத்த பிக்கு ஆனந்தர் தண்ணீர் கேட்கிறார். தானும் மனுஷிதான் என்று அவள் முதன்முறையாக உணர்கிறாள். அவருக்காக ஏங்குகிறாள், தாய் மந்திரத்தால் அவரை இழுத்து வருகிறாள். இதை ஓர் ஆசையின் கதையாக, இறுதியில் துறவு வெல்லும் கதையாக ஆடிவிட்டுப் போவது எளிது. மஞ்சுஸ்ரீ அதைப் பிரகிருதியின் விழிப்பாகப் படித்தார். தாழ்த்தப்பட்ட ஒரு பெண் தன் உடலைத் தன்னுடையது என்று கண்டுகொள்வதே அவருக்குக் கதை. மண்ணோடு வாழும் அந்தத் தாயின் சூனியத்தைக்கூட வெறும் தீமை என்று ஒதுக்கிவிட முடியாது. மைபிகளைப் பற்றி ஓரளவு தெரிந்தவர்களுக்கு அந்த மந்திரக்காரியின் மேல் தனி மரியாதை வரும்.

"சாஸ்திரிய நடனத்தைக் கலந்து கெடுத்துவிட்டார்கள்" என்ற குற்றச்சாட்டு இத்தகைய முயற்சிகள் எல்லாவற்றின் மேலும் விழுகிறது. எனக்கு அதில் உடன்பாடில்லை. நாட்டார் ஆட்டத்தின் ஓர் அசைவை அழகுக்காகக் கிள்ளி எடுத்து மேடையில் செருகுகிறவர்கள் உண்டு; அதைக் குறை சொல்லுங்கள், நானும் சேர்ந்துகொள்கிறேன். இவர் அந்த அசைவுகளுக்குப் பின்னால் இருக்கும் மனிதர்களின் சந்தையை, சடங்கை, போராட்டத்தைப் படித்தவர். அந்த உழைப்புக்குப் பிறகு செய்யும் கலப்புக்கு உரிமை உண்டு.

1999இல் ரஞ்சாபதி இறந்தார், முப்பத்தைந்தைத் தாண்டிய சிறிது காலத்தில். அடுத்த ஆண்டே தாயும் போய்விட்டார். குழுவைத் தாங்கிய இருவரும் இப்படி அடுத்தடுத்து மறைந்தது பெரிய இழப்பு. நம் நடனப் பள்ளிகளில் வரலாறு சொல்லிக்கொடுப்பவர்கள் இந்த இருவருக்கும் ஒரு வகுப்பாவது ஒதுக்க வேண்டும். அந்த மணிப்பூர் நூலையும் மாணவர்கள் கையில் கொடுங்கள்.