முதலில் கிணறு

போர் பற்றிய ஓவியம் என்றாலே நம்மாட்களுக்கு முள்வேலியும் ரத்தச் சிவப்பும் கண்ணீர் வடிக்கும் தாயும் வந்தாக வேண்டும். போன மாதம் கோவையில் ஒரு நண்பரிடம் யாழ்ப்பாண ஓவியர் தா. சனாதனனின் வேலையைக் காட்டினேன். புரட்டிப் பார்த்துவிட்டு, "இதென்னங்க, வீட்டு பிளான் மாதிரி இருக்குது? இதுல போர் எங்கீங்க இருக்குது?" என்றார்.

அந்த பிளானில்தான் போர் இருக்கிறது என்பது என் கட்சி.

சனாதனன் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் கலை வரலாறு சொல்லிக்கொடுப்பவர். 2011இல் வந்த அவருடைய நூலின் பெயர் 'தி இன்கம்ப்ளீட் தோம்பு'. தோம்பு என்றால் போர்த்துக்கீசியரும் டச்சுக்காரரும் எழுதிவைத்த காணிப் பதிவேடு. நம் ஊர் சிட்டா அடங்கல் மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். இவர் அதைத் தலைகீழாக்கிவிட்டார். வீட்டை விட்டுப் போக நேர்ந்த 80 பேர் தங்கள் வீட்டை நினைவிலிருந்து வரைந்திருக்கிறார்கள். கோணல்மாணலான அந்தக் கோடுகளை இன்ஜினியர் வரைபடம் போல ஒழுங்காக்கி, கூடவே தன் ஓவியத்தையும் வைத்திருக்கிறார். வரி போட யாரும் கேட்காத பதிவேடு.

இதைப் பார்த்த சூட்டில் நானும் ஒரு காரியம் செய்தேன். பவானிசாகர் முகாமில் எனக்குத் தெரிந்த அக்கா ஒருவர், 1990இல் படகில் வந்தவர். (2021க்குப் பிறகு அரசுத் தாளில் அது மறுவாழ்வு முகாம். ஊருக்குள் இன்னும் அகதி கேம்ப்தான்.) கிழித்த காலண்டர் தாளின் பின்பக்கத்தையும் பென்சிலையும் கொடுத்து, வீட்டைப் போடச் சொன்னேன். தாளின் ஓரத்தில் ஒரு வட்டம் போட்டார். "முதல்ல கிணத்தைக் கீற வேணும் தம்பி. அதை வச்சுத்தான் மற்றதெல்லாம் வரும்." அப்புறம் கிணற்றடி வாழை, குசினி (நம் அடுப்படி), பின்வாசல். அதோடு கை நின்றுவிட்டது. தலைவாசல் எந்தப் பக்கம் என்பது அவருக்குப் பிடிபடவேயில்லை. கடைசி நாளில் பின்வாசல் வழியாக ஓடியவர். முகாமில் பிறந்த மகள் எட்டிப் பார்த்து, "ரோடு எந்தப் பக்கம்மா?" என்று கேட்டாள். அக்கா பென்சிலைக் கீழே வைத்துவிட்டார்.

எந்த முள்வேலி ஓவியம் இதைச் சொல்லியிருக்கும்?

நமக்கென்ன, நாமெல்லாம் வேர்விட்ட ஊர்க்காரர்கள் என்று பேசுகிறவர்களுக்கும் ஒன்று. அந்த முகாமுக்குப் பக்கத்திலேயே இருக்கும் பவானிசாகர் அணையை 1948இல் ஆரம்பித்து 1955இல் கட்டி முடித்தார்கள். டணாயக்கன் கோட்டை என்ற பழைய கோட்டை தண்ணீருக்குள்ளே போனது. தண்ணீர் நன்றாக வற்றும் வருஷங்களில் பழைய கோயில் வெளியே தெரியும். ஜனங்கள் செல்பி எடுக்கப் போவார்கள். கீழ்பவானி வாய்க்கால் தண்ணீரில் விளைந்ததைத் தின்று வளர்ந்தவன் நான், அணையைக் குறை சொல்ல வரவில்லை. குண்டையும் அணையையும் ஒரே தட்டில் வைக்கவும் மாட்டேன். ஆனால் என் அம்மா பிறந்த வீடும் அந்தத் தண்ணீருக்கடியில்தான் இருக்கிறது. எழுபது வருஷமாக எங்கள் வீட்டில் யாரும் அவரிடம் அது எப்படி இருந்தது என்று கேட்டதில்லை.

அன்று ராத்திரி கேட்டேன். ஊரைக் காலி செய்தபோது அம்மாவுக்கு ஐந்து வயது. ஆசாரம் என்கிற கூடம், மாடு கட்டும் கட்டுத்தரை இரண்டையும் ஒரு மூலையில் தீப்பெட்டி அளவுக்குப் போட்டார். மீதித் தாள் முழுக்க வாசல் திண்ணை. "இவ்வளவு பெருசாவா இருந்துச்சு?" என்றேன்.

"ஏற முடியாது கண்ணு. அப்பாரு தூக்கித்தான் உக்கார வெப்பாங்க."