சிக்கரி கலக்காத சினிமா

(கடலூர் திருப்பாதிரிப்புலியூரில் ஒரு மளிகைக் கடை. குமார் 11 வருஷமாகப் படம் எடுக்கிறார். அண்ணாச்சி 11 வருஷமாகப் பற்று நோட்டில் எழுதுகிறார்.)

குமார்: அண்ணாச்சி, சிக்கரி கலக்காத இன்ஸ்டன்ட் காபித்தூள் 40 கிராம், சலவை சோடா 54 கிராம்.

அண்ணாச்சி: ரெண்டையும் கலந்து குடிக்கப் போறியா? வீட்ல ஏதாச்சும் சண்டையா தம்பி?

குமார்: பிலிம் கழுவறதுக்கு. மெடிக்கல்ல வைட்டமின் சி தூள் 16 கிராம் வாங்கிட்டேன். ஒரு லிட்டர் தண்ணியில முதல்ல சோடா, அப்புறம் வைட்டமின், கடைசியா காபி. காஃபினால்னு பேரு. 1995லயே அமெரிக்காவுல ராச்செஸ்டர்ல ஒரு வாத்தியாரும் பசங்களும் கண்டுபிடிச்சது.

அண்ணாச்சி: போன வாட்டியும் சோடா வாங்கினியே?

குமார்: நீங்க ஆப்ப சோடா குடுத்துட்டீங்க. காரம் பத்தாம ஒண்ணுமே தெரியல, பிலிம் கண்ணாடி மாதிரி வந்துச்சு.

அண்ணாச்சி: ஆப்பமாச்சும் சுட்டிருக்கலாம். இப்ப கட்டி சோடாதான் இருக்கு.

குமார்: அப்ப 146 கிராம் போடுங்க. கட்டியில பாதிக்கு மேல தண்ணிதான்.

அண்ணாச்சி: (குரலைத் தாழ்த்தி) இத வெளிய சொல்லாத. படத்துல என்னா?

குமார்: தேவனாம்பட்டினம் கடல். சூப்பர் 8ன்னு குட்டி பிலிம் சுருள், ஒரு டப்பா 50 அடி, 3600 ஃப்ரேம். 10 செகண்டுக்கு ஒண்ணுன்னு காலைல 6 மணிலேர்ந்து சாயந்தரம் 4 மணி வரைக்கும் எடுத்தேன். ஓட்டினா 3 நிமிஷம் 20 செகண்ட்.

அண்ணாச்சி: அண்டா பால காய்ச்சி ஆழாக்கு கோவா! ஹீரோ?

குமார்: அலைதான். நடுவுல ஒரு நாய் குறுக்க போச்சு. ஒரே ஃப்ரேம், செகண்டுல 18ல ஒரு பங்கு.

அண்ணாச்சி: கெஸ்ட் ரோலு. இதுவரைக்கும் எத்தனை படம்?

குமார்: 12. எல்லாமே ஒரு டப்பா படம். மொத்தம் 40 நிமிஷம்.

அண்ணாச்சி: எங்க வீட்டுக்காரி சீரியல்ல ரெண்டு நாள் அழுகை. வித்துச்சா?

குமார்: நியூயார்க்ல இந்த மாதிரி படம் எடுக்கறவங்களே கூட்டுறவு வெச்சு வாடகைக்கு விடறாங்க.

அண்ணாச்சி: கூட்டுறவா? கார்டுக்கு எவ்ளோ?

குமார்: ஐஸ் கிடைக்குமா அண்ணாச்சி? 20 டிகிரில 15 நிமிஷம் ஊறணும். நம்ம ஊரு குழாத்தண்ணி 30. அந்தச் சூட்டுல பிலிம் மேல பூசின ஜெலட்டின் இளகும், நகம் பட்டாலே கீறல் விழும்.

அண்ணாச்சி: துறைமுகத்துல மீனுக்குப் போடற ஐஸ் இருக்கு. வாடை ஏறிடாது?

குமார்: வாளியச் சுத்திதான் அடுக்கணும். உள்ள போட்டா மருந்து நீர்த்துடும். அதுவுமில்லாம இந்தக் காபி நாத்தத்துக்கு மீன் வாடை மல்லிப்பூ. அப்புறம் ஹைப்போ, லிட்டருக்கு 250 கிராம், வண்ண மீன் கடையில வாங்கிட்டேன். அதுல ஊறலன்னா வெளிச்சம் பட்டுக் கறுத்துடும்.

அண்ணாச்சி: எல்லாம் சரி, எங்க காட்டப் போற?

குமார்: உங்க ஷட்டர்லதான்.

அண்ணாச்சி: வியாபார நேரத்துலயா? அதுவும் மேடு பள்ளமா இருக்கே, படம் நெளிநெளியா விழுமே!

குமார்: கடல்தானே அண்ணாச்சி.