சந்தேகம் என்று எழுதினால் என்ன பொருள்?

2022 ஐப்பசியில் என் சித்தப்பா இறந்தார். விடியற்காலை ஐந்து மணிக்குத் தண்ணீர் கேட்டவர், சித்தி சொம்போடு வருவதற்குள் சாய்ந்துவிட்டார். அரசு மருத்துவமனைக்குக் கொண்டுபோனபோது உயிர் இல்லை. இப்படிக் கொண்டுவரப்படும் உடல் என்றால் போலீஸுக்குத் தகவல் போகும். அது வழக்கமான நடைமுறை. முதல் தகவல் அறிக்கையில் குற்றவியல் நடைமுறைச் சட்டம் 174 என்று போட்டு, பக்கத்தில் ‘சந்தேக மரணம்’ என்று எழுதினார்கள். அந்த இரண்டு சொற்கள் ஐந்து மாதம் எங்கள் சித்தியை வதைத்தன.

சட்டத்தில் அதன் பொருள் சாதாரணமானது. இறப்பின் காரணம் இன்னும் தெரியவில்லை, விசாரித்துத் தெரிந்துகொள்ள வேண்டும், அவ்வளவுதான். (2024 ஜூலை 1 முதல் புதிய சட்டத்தில் இது 194-ஆம் பிரிவு.) ஆனால் கணக்கில் சந்தேகம் என்று மாணவன் கை தூக்குவதும், மனைவிமேல் சந்தேகம் என்று கணவன் கை ஓங்குவதும் தமிழில் ஒரே சொல். படிவத்தில் இருந்தது முதல் பொருள். எங்கள் தெரு இரண்டாவது பொருளை எடுத்துக்கொண்டது.

பிறகு உடற்கூறாய்வுச் சான்றிதழ் வந்தது. முழுக்க ஆங்கிலம். உறவினர் ஒருவர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு கூடத்தில் உட்கார்ந்து எல்லோருக்கும் படித்துச் சொன்னார். பரிசோதனைக்கு 8 முதல் 16 மணி நேரத்துக்கு முன் இறந்திருக்கலாம் என்று ஒரு வரி. பரிசோதனை நடந்தது பிற்பகல் மூன்று மணிக்கு. அவர் விரல்விட்டுப் பின்னோக்கி எண்ணினார். பதினாறு மணி நேரம் முந்தைய இரவு பதினொன்றில் போய் நின்றது. “பதினோரு மணிக்கே போன உயிரை விடியும்வரை ஏன் மறைத்தாள்?” என்று கேட்டார். எட்டும் பதினாறும் இரண்டு எல்லைகள், உண்மை இடையில் எங்கேயும் இருக்கலாம், சித்தி சொன்ன ஐந்து மணியும் அதற்குள்தான் வருகிறது என்று சொல்ல அன்று அங்கே யாருக்கும் தெரியவில்லை. எனக்கும் தெரியவில்லை. உடலின் விறைப்பையும் சூட்டையும் பார்த்து மருத்துவர் காலத்தைக் கணிக்கிறார். அறையின் வெப்பமும் உடல்வாகும் அந்தக் கணக்கை மாற்றும். அதனால்தான் நேர்மையான மருத்துவர் ஒரே மணியைக் குறித்துத் தருவதில்லை.

அடுத்த வரி இன்னும் கொடுமை செய்தது. உள்ளுறுப்புகள் ரசாயனப் பரிசோதனைக்கு அனுப்பப்பட்டுள்ளன, இறப்புக் காரணம் குறித்த கருத்து நிறுத்திவைக்கப்படுகிறது. இரைப்பை, குடல், ஈரல், சிறுநீரகம் ஆகியவற்றில் சிறு பகுதிகளை உப்புக் கரைசலில் போட்டு முத்திரையிட்டு ஆய்வகத்துக்கு அனுப்புவது காரணம் தெளிவாகாத இறப்புகளில் வழக்கம். சென்னையில் 1849-லேயே ரசாயனப் பரிசோதகரின் ஆய்வகம் தொடங்கப்பட்டது. இன்றைய தடய அறிவியல் துறைக்கு அதுவே மூலம். ரசாயனப் பரிசோதனை என்ற பேச்சும் அங்கிருந்து வருவதுதான். எங்கள் கூடத்திலோ அந்த வரி “விஷம் வைத்திருக்கிறார்கள், ஆதாரம் கிடைத்துவிட்டது” என்று மாறிப்போனது. அடுத்த வாரம் சித்தப்பாவின் பங்கு நிலத்தைப் பற்றிய பேச்சு எழுந்தது. அதற்குமேல் நான் சொல்ல வேண்டியதில்லை.

தடய அறிவியல் பேசும் மொழியே ‘இன்னும் தெரியாது’ என்ற மொழி. நம் காது அதைத் தீர்ப்பாகக் கேட்கிறது. பத்திரிகைகளும் அந்தக் காதுக்கே எழுதுகின்றன. கைதான அன்றே ஒருவரைக் ‘குற்றவாளி’ என்கிறார்கள். தீர்ப்பு வரும்வரை அவர் குற்றம் சாட்டப்பட்டவர் மட்டுமே. ‘போலீஸாரிடம் பரபரப்பு வாக்குமூலம்’ என்று தலைப்பு போடுகிறார்கள்; காவல் அதிகாரியிடம் கொடுக்கும் ஒப்புதல் வாக்குமூலத்தைக் கொண்டு ஒருவரின் குற்றத்தை நிரூபிக்க முடியாது என்று 1872-ஆம் ஆண்டின் சாட்சியச் சட்டமே சொல்லிவிட்டது, இன்றைய சட்டமும் அதையே சொல்கிறது. எனக்கு மிகவும் கோபம் வருவது ‘உண்மை கண்டறியும் சோதனை’ என்ற பெயரைப் பார்க்கும்போதுதான். அந்தக் கருவி ரத்த அழுத்தத்தையும் மூச்சையும் தோலின் வியர்வையையும் அளக்கிறது. பயந்தவனுக்கும் வியர்க்கும். சம்மதம் இல்லாமல் யாருக்கும் இந்தச் சோதனையைச் செய்யக்கூடாது, சம்மதத்தோடு செய்தாலும் அதன் முடிவை மட்டும் சாட்சியமாக ஏற்க முடியாது என்று 2010-ல் செல்வி வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அப்படிப்பட்ட ஒன்றுக்கு ‘உண்மை’ என்று பெயர் வைத்தால், மறுக்கிறவர் உண்மைக்கு அஞ்சுகிறவர் ஆகிவிடுகிறார். உடலியல் மாற்றப் பதிவு என்று சொல்லிப் பாருங்கள், அந்தப் பூதம் சுருங்கிவிடும்.

பெயரை மாற்றுவது நடக்காத காரியம் இல்லை. ‘கற்பழிப்பு’ என்று நாளிதழ்கள் கூசாமல் எழுதிய காலம் எனக்கு நினைவிருக்கிறது. பாதிக்கப்பட்டவளே எதையோ இழந்துவிட்டதாகச் சொன்ன சொல் அது. பெண்கள் விடாமல் எதிர்த்தார்கள், பாலியல் வன்கொடுமை என்பது நிலைத்தது. கௌரவக் கொலை ஆணவக் கொலை ஆனதும் அப்படித்தான்.

தமிழில் சொல் இல்லை என்ற சாக்கும் வேண்டாம். கீழமை நீதிமன்றங்களின் தமிழ்த் தீர்ப்புகளை வாசித்துப் பாருங்கள்: அரசுத் தரப்புச் சாட்சி ‘அ.சா.’, சான்றுப் பொருள் ‘சா.பொ.’ என்று எவ்வளவு கச்சிதமாக எழுதுகிறார்கள்! உடற்கூறாய்வுச் சான்றிதழையும் இறந்தவரின் குடும்பத்துக்குத் தமிழில் கொடுங்கள் என்று கேட்கிறேன். கருத்து நிறுத்திவைக்கப்பட்டிருந்தால், ‘இது யார்மீதும் குற்றச்சாட்டு அல்ல’ என்று கீழே ஒரு வரி அச்சிடுங்கள். அந்த ஒரு வரி இருந்திருந்தால் சித்தி அந்த ஐந்து மாதமும் வாசலுக்கு வந்திருப்பார்.

இறுதி அறிக்கை பங்குனியில் வந்தது. இதயத்துக்கு ரத்தம் கொண்டுபோகும் குழாயில் அடைப்பு. நச்சுப்பொருள் எதுவும் கண்டறியப்படவில்லை. இந்த முறை நானே தமிழில் எழுதிக்கொண்டுபோய்ப் படித்தேன். அதே உறவினர் கேட்டார்: “கண்டறியப்படவில்லை என்றுதானே போட்டிருக்கிறார்கள்? இல்லை என்று போடவில்லையே?”

சித்தி எழுந்து உள்ளே போய்விட்டார்.