தா மொக்குக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்படவே இல்லை

“கெமர் ரூஜ் தளபதி தா மொக் ஐநா ஆதரவு நீதிமன்றம் விதித்த ஆயுள் தண்டனையில் இறந்தார்” என்று சிலர் எழுதுவது தவறு. (கெமர் ரூஜ் 1970களில் கம்போடியாவை ஆண்ட கம்யூனிஸ்ட் இயக்கம்.) 1999 மார்ச்சில் தாய்லாந்து எல்லையருகே பிடிபட்டவரை ராணுவ நீதிமன்றம்தான் விசாரணைக் கைதியாக வைத்திருந்தது. கெமர் ரூஜ் குற்றங்களை விசாரிக்க அமைந்த ஐநா ஆதரவு நீதிமன்றத்தின் நீதிபதிகள் பதவியேற்றது 2006 ஜூலைத் தொடக்கத்தில். அதே மாதம் 21ஆம் தேதி, தலைநகர் நோம் பென்னின் ராணுவ மருத்துவமனையில் இவர் இறந்துவிட்டார். ராணுவ நீதிமன்றம் குற்றம் சாட்டியதோடு சரி, தீர்ப்பு வரவில்லை.

குழப்பம் எங்கிருந்து வந்திருக்கும் என்று ஊகிக்க முடிகிறது. கெமர் ரூஜ் தலைவர் போல் பாட், தன் இயக்கத்தின் மூத்த தலைவர் சோன் சென்னைக் குடும்பத்தோடு கொல்லச் சொன்னார்; அதற்காக 1997 ஜூலையில், கெமர் ரூஜ் பிடியிலிருந்த அன்லோங் வெங்கில், இதே தா மொக் கூட்டிய ‘மக்கள் நீதிமன்றம்’ அவருக்கு ஆயுள் காவல் விதித்தது. தண்டனை பெற்றவர் போல் பாட். விதிக்க வைத்தவர் தா மொக்.

‘தா’ பெயரின் பகுதியல்ல. கெமர் மொழியில் தாத்தா. கம்போடியாவின் தென்மேற்கு மண்டலத்தைக் கொலைக்களமாக்கியவருக்கு அப்படியொரு மரியாதை!