புதுக்கடைக்குப் போகாமல் வழக்குப் போட முடியாதா?

பொலிஸ் அடித்தாலும் சரி, கந்தோரில் வேணுமென்று அலைக்கழித்தாலும் சரி, சொந்தக் காணிக்குள் கால் வைக்க விடாவிட்டாலும் சரி, எங்கட ஊர்ப் பெரியவர்கள் சொல்வது ஒன்றுதான்: "அரசாங்கத்தோட கொழுவி என்னத்தைக் காணப்போறாய், விடு தம்பி." பயத்தில் சொல்கிறார்கள் என்று இளசுகள் நினைக்கும். எனக்கென்னவோ, அவர்கள் செலவுக் கணக்குப் பார்த்துத்தான் சொல்கிறார்கள் என்று படுகிறது.

சட்டத்தில் வழி இருக்கிறது. இலங்கையின் 1978 அரசியலமைப்பின் 17ஆம், 126ஆம் உறுப்புரைகளின்படி, அரச அதிகாரி அடிப்படை உரிமையை மீறினால், மீறப்போகிறார் என்று தெரிந்தாலும்கூட, நேரே நாட்டின் அதியுயர்ந்த நீதிமன்றமான உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம். மொழி உரிமையும் இதற்குள் அடக்கம். அது பலருக்குத் தெரியாது. பொலிஸ் நிலையத்தில் நாங்கள் தமிழில் சொல்லச் சொல்ல, பொலிஸ்காரர் சிங்களத்தில் எழுதிக்கொண்டே போவார். கடைசியில் கொப்பியை எங்கள் பக்கம் திருப்பிப் பேனையை நீட்டுவார். என்ன எழுதியிருக்கிறீர்கள் என்று கேட்டால், "நீங்க சொன்னதுதான், சைன் பண்ணுங்க." எனக்கும் அப்படி நீட்டியிருக்கிறார்கள். வடக்கில் நிர்வாக மொழி தமிழ் என்று அதே அரசியலமைப்புத்தான் சொல்கிறது.

சரி, வழக்குப் போடுவோம் என்று வெளிக்கிட்டால் எங்கே போவது? உயர் நீதிமன்றம் இருக்கும் கொழும்பு, புதுக்கடை. நாடு முழுவதுக்கும் அந்த ஒரே வாசல்தான். யாழ்ப்பாணத்தில் மேல் நீதிமன்றம் இருக்கிறது, ஆட்கொணர்வு மனுவைக்கூட அங்கே விசாரிக்கலாம். அடிப்படை உரிமை மனுவை மட்டும் தொட முடியாது. ஆகவே 400 கிலோமீற்றர் இரவு பஸ், தெரியாத சட்டத்தரணி, தமிழ்க் கடிதங்களை மொழிபெயர்க்கக் காசு, சத்தியக் கடதாசி. தவணைக்குத் தவணை இதே அலைச்சல். கொழும்பில் இருப்பவர் பிள்ளைக்கு ஒன்றாம் வகுப்பு அனுமதி கிடைக்கவில்லை என்றே இந்த மனுவைப் போடுகிறார். போடட்டும், அது அவருடைய உரிமை. அடி வாங்கிய எங்கட பெடியன் போட யோசிக்கிறானே, அதைத்தான் சொல்கிறேன்.

அந்த மனுவையும் உரிமை மீறப்பட்டு ஒரு மாதத்துக்குள் போட்டுவிட வேணும். முதல் கிழமை ஆஸ்பத்திரியில் போகும். அடுத்த கிழமை வீட்டுக்கு வெளியே மோட்டார் சைக்கிள் சத்தம் கேட்டாலே பயம். மூன்றாம் கிழமை யாரோ தெரிந்தவர் சமாதானம் பேச வருவார். பிறகு புதுக்கடைக்குப் போனால் முதல் ஆட்சேபனையே "காலம் கடந்துவிட்டது" என்பதுதான்.

இதே 126ஆம் உறுப்புரையில் இன்னொரு காலக்கெடுவும் இருக்கிறது. மனுவை இரண்டு மாதத்துக்குள் விசாரித்து முடிக்க வேணும் என்று நீதிமன்றத்துக்கு விதித்த கெடு அது. அதை யாரும் இறுக்கிப் பிடிப்பதில்லை. 2010 கடைசியில் மிரிகானைப் பொலிஸில் ஒருவரைச் சித்திரவதை செய்த வழக்கைப் பாருங்கோ. தீர்ப்பு வந்தது 2023 டிசம்பரில். தேசபந்து தென்னகோன் உட்படப் பொலிஸ்காரர் சிலர் ஆளுக்கு ஐந்து இலட்சம் ரூபா நட்டஈடு கட்ட வேணும் என்றார்கள். தீர்ப்பு வந்தபோது தென்னகோன் பதில் பொலிஸ்மா அதிபர். 2024 பெப்ரவரியில் அவரையே நிரந்தரப் பொலிஸ்மா அதிபர் ஆக்கினார்கள்! பிறகு அந்த நியமனத்துக்கு எதிராக வந்ததும் அடிப்படை உரிமை மனுக்கள்தான். 2024 ஜூலையில் உயர் நீதிமன்றம் அவர் கடமை செய்யத் தடை போட்டது.

அதனால் இந்த வழி வீண் என்று நான் சொல்ல மாட்டேன். வவுனியா சிதம்பரபுரம் இடம்பெயர்ந்தோர் முகாமில் இருந்த ஒருவர், வெளியே போகப் பாஸ் தராமல் மறிக்கிறார்கள் என்று வழக்குப் போட்டு 2002இல் வென்றார். பாஸுக்கு வரிசையில் நின்றவர்களுக்கு அதன் பெறுமதி விளங்கும். 2007 ஜூனில் கொழும்பு லொட்ஜ்களில் இருந்த எங்கட சனத்தை விடியற்காலையில் பஸ்ஸில் ஏற்றி அனுப்பினார்களே, அதற்கு மறுநாளே இடைக்காலத் தடை வந்ததும் இப்படியொரு மனுவில்தான். நீதிமன்றம் நினைத்தால் ஒரு நாள் போதும்.

எனக்கு மிகவும் பிடித்தது 2019 உயிர்த்த ஞாயிறுக் குண்டுவெடிப்புகள் தொடர்பில் 2023 ஜனவரியில் வந்த தீர்ப்பு. அப்போது ஜனாதிபதியாக இருந்த மைத்திரிபால சிறிசேன பத்துக் கோடி ரூபா நட்டஈட்டைத் தன் சொந்தப் பணத்தில் கட்ட வேணும் என்றது. வழமையாக நட்டஈட்டின் பெரும் பங்கை அரசாங்கம் கட்டும், அதாவது நாங்களே எங்களுக்குக் கட்டுகிறோம். அடித்தவருக்குச் சம்பளமும் பதவி உயர்வும் அப்படியே இருக்கும். அவருடைய வங்கிப் புத்தகத்தில் கை வைத்தால்தான் அடுத்தவர் யோசிப்பார்.

என் கோரிக்கை சின்னது: இந்த அதிகாரத்தை மாகாண மேல் நீதிமன்றங்களுக்கும் கொடுங்கள், ஒரு மாதத்தை ஆறு மாதமாக்குங்கள். அதற்குப் பாராளுமன்றத்தில் 225 பேரில் 150 பேர் கை தூக்க வேணும். 2024 நவம்பரில் ஆளும் கட்சிக்குக் கிடைத்தது 159 ஆசனம், அதில் மூன்று எங்கட யாழ்ப்பாணத் தேர்தல் மாவட்டம் கொடுத்தது. புதிய அரசியலமைப்பு வரட்டும் என்று சாட்டுச் சொல்வார்கள். அந்த மூன்று பேரையும் கண்டால் எப்போது என்று கேளுங்கோ.

அதுவரைக்கும் ஒன்று. ஏதும் நடந்தால் ஒரு மாதத்துக்குள் யாழ்ப்பாணத்திலுள்ள மனித உரிமைகள் ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகத்தில் எழுத்தில் முறையிடுங்கோ. 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின்படி, அங்கே விசாரணை நடக்கும் காலம் அந்த ஒரு மாதக் கணக்கில் சேராது. ஆனால் முறைப்பாட்டுத் துண்டு மட்டும் போதாது, விசாரணை நடக்கிறது என்று காட்ட வேணும் எனப் பிந்திய தீர்ப்புகள் சொல்கின்றன. ஆகவே முறைப்பாட்டு இலக்கத்தை வாங்கிக்கொண்டு வீட்டில் இருந்துவிடாமல், அவர்கள் அனுப்பும் ஒவ்வொரு கடிதத்தையும் கவனமாகச் சேர்த்து வையுங்கோ.