சிங்கம் தூங்குது, சத்தம் போடாத

(மத்தியானம் மூணு மணி. உள்ளே தாத்தா தூக்கம். திண்ணையில் ஆச்சி முருங்கைக்கீரை உருவுகிறாள். பேரன் கையில் செல்போன்.)

பேரன்: ஆச்சி, இதப் பாரு. சாப்ளின் நடிச்ச 'தி சர்க்கஸ்'. 1928-ல வந்த ஊமைப்படம்.

ஆச்சி: நல்லதாப் போச்சு. எனக்குக் கேக்காதது ஒனக்கும் கேக்காதுல்லா.

பேரன்: குதிரை விரட்டுதுன்னு ஓடிவந்து சிங்கக் கூண்டுக்குள்ள நுழைஞ்சிட்டான். தாழ்ப்பாளும் விழுந்துட்டு.

ஆச்சி: சிங்கம் என்னல செய்யுது?

பேரன்: தூங்குது.

ஆச்சி: பக்கத்துல இன்னொரு கதவு இருக்கே, அதுவழியாப் போவ வேண்டியதான?

பேரன்: தெறந்து பாத்துட்டான். அங்கன புலி.

ஆச்சி: வெளங்கிரும்! (கண்ணாடியை ஏற்றிவிட்டு) ஏல, தண்ணித் தட்டு சரியுது... பிடிச்சிட்டான்! அம்பது வருசமா இந்த வீட்டுல நான் பாத்திரம் பிடிக்கது மாதிரியே பிடிக்கான்.

பேரன்: இப்ப நாய் வந்து குரைக்குது பாரு.

ஆச்சி: சீ, சனியனே, வாய மூடு! நெசச் சிங்கமால?

பேரன்: நெசந்தான். இந்தக் காட்சிய 200 தடவ எடுத்தாங்களாம்.

ஆச்சி: எதுக்கு?

பேரன்: அவருக்குத் திருப்தி வரணும்லா. நடிப்பு, கதை, டைரக்‌ஷன், தயாரிப்பு எல்லாம் அவரே. 1926-ல ஸ்டுடியோ தீப்பிடிச்சும் விடலையே. இதுக்குத்தான் 1929-ல, மொத ஆஸ்கர் விழாவுல, தனிப் பரிசு குடுத்தாங்க.

ஆச்சி: சிங்கத்துக்கு?

பேரன்: சிங்கத்துக்கு என்னத்தக் குடுக்க?

ஆச்சி: 200 தடவ எழுப்பி, திரும்பப் படுன்னா சும்மாவா? ஒங்க தாத்தனா இருந்தா மூணாவது தடவையே கடிச்சிருப்பாரு.

பேரன்: சிங்கம் முழிச்சிட்டு! மோந்து பாக்குது... போய்ப் படுத்துட்டு!

ஆச்சி: வயிறு நெறஞ்சிருக்கும். அந்தா, பிள்ள வந்து கதவத் தெறந்துட்டா. இவன் ஏன் வெளிய வராம நிக்கான்?

பேரன்: கெத்து காட்டுதான்.

ஆச்சி: ஆம்பளப் புத்தி! இவ்வளவு நேரம் நடுங்குனான், பொம்பளப் பிள்ள பாக்கான்னதும் வீரம் வந்துட்டு.

பேரன்: சிங்கம் வாயத் தெறந்துட்டு! ஓடுதான்... கம்பத்து உச்சிக்கே ஏறிட்டான்!

(பேரன் சிரித்த சிரிப்பில் முழங்கை இடித்து, கீரைத் தட்டு திண்ணை விளிம்புக்குப் போகிறது. ஆச்சி ஒற்றைக் கையால் பிடித்துவிடுகிறாள். பக்கத்தில் இருந்த பித்தளைச் சொம்பு மட்டும் உருண்டு, படிப்படியாய் இறங்கி, தெருவில் போய் நிற்கிறது. உள்ளே கட்டில் கிறீச்சிடுகிறது. ஒரு இருமல்.)

ஆச்சி: (ரகசியமாக) முழிச்சிட்டாரு.

பேரன்: (ரகசியமாக) இப்ப என்ன செய்ய?

ஆச்சி: வாசக்கதவு தெறந்துதான் கெடக்கு. கம்பத்துல கிம்பத்துல ஏறிராத. அந்தச் சொம்ப எடுத்துட்டுப் போய் காப்பிக்குப் பால் வாங்கிட்டு வா, ஓடு!