குதிரையை எல்லாரும் எடுத்தாச்சு

ராத்திரி தூக்கம் வராமல் பழைய ஊமைப்பட துண்டுகளைப் பார்த்துக்கொண்டிருந்தேன். 1895-ல் பிரான்சின் லியோன் நகரில் லூமியர் சகோதரர்கள் எடுத்தது ஒன்று. அவர்களுடைய தொழிற்சாலைக் கதவு திறக்கிறது, வேலை முடிந்த சனம் வெளியே வருகிறது. மொத்தமே ஒரு நிமிஷம் தேறாது. ஒருத்தி பக்கத்தில் வருகிறவளின் பாவாடையைப் பிடித்து இழுத்துவிட்டுப் போகிறாள். பெரிய நாய் ஒன்று குறுக்கே துள்ளுகிறது. நாலு தடவை ஓட்டிப் பார்த்தேன்.

அப்புறம் ராஜாக்களும் ஊர்வலங்களும் வந்து இதையெல்லாம் ஓரங்கட்டிவிட்டன. 1910-ல் பாத்தே என்ற பிரெஞ்சுப் படக் கம்பெனி லண்டனில் செய்திப்படம் ஆரம்பித்தது. அடுத்த வருஷமே டெல்லி தர்பார், பிரிட்டிஷ் ராஜாவுக்கு நம் சமஸ்தான ராஜாக்கள் வணக்கம் வைத்த விழா. அங்கேயும் பாருங்கள், இன்றைக்கும் பேசப்படுவது ஐந்தாம் ஜார்ஜின் கிரீடம் இல்லை. பரோடா மகாராஜா சாயாஜிராவ் ஒப்புக்கு ஒருமுறை தலை குனிந்துவிட்டு, ராஜாவுக்கு முதுகைக் காட்டி நடந்தார். அது லண்டன் வரை ரகளையானது. கேமராவை வைத்தவன் அதற்காகவா வைத்தான்?

இப்போது இந்தப் படங்களுக்குக் கலர் பூசி, சோக வயலின் போட்டுச் சுற்றுக்கு விடுகிறார்கள். மகா எரிச்சல். கையால் சுற்றி, விநாடிக்குப் பதினாறு ஃபிரேம் வாக்கில் எடுத்ததை இருபத்துநாலில் ஓட்டினால் மனுஷன் குடுகுடுவென்று ஓடத்தான் செய்வான். அந்தக் காலத்து ஆட்கள் கோமாளி மாதிரி நடக்கவில்லை சாமி, ஓட்டுகிறவன் அவசரம் அது.

சித்திரையில் அழகர் ஆற்றில் இறங்கியபோது நானும் போனை உயர்த்தினேன். முன்னால் ஆயிரம் போன். அத்தனையிலும் அதே தங்கக் குதிரை. சரி என்று திரும்பிக் கூட்டத்தை எடுத்தேன். கருப்பசாமி வேஷம் கட்டிய ஒரு பெரியவர் தோல்பையை அக்குளில் அமுக்கித் தண்ணீர் பீய்ச்சுகிறார், பேரன் பின்கழுத்தில் விழுந்து அவன் நெளிகிறான். பக்கத்தில் ஒரு அக்கா சர்க்கரைச் சொம்பில் சூடம் ஏற்றி நிற்கிறது. சூடு தாங்காமல் சொம்பைக் கை மாற்றி, விரலை ஊதி, மறுபடியும் மாற்றி. நாற்பது விநாடி.

குடும்ப குரூப்பில் போட்டேன். “அழகரக் காணோம், யாரோ கைய ஊதிக்கிட்டு நிக்கிறத அனுப்பியிருக்க” என்றாள் தங்கச்சி. அம்மா மட்டும் இன்னொரு தடவை போடச் சொல்லி, சொம்பின் வாயில் கட்டியிருந்த வாழை இலையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“இலையத் திருப்பிக் கட்டியிருக்கா” என்றாள்.